இரண்டு போத்தல் படையெறும்புகள்

போர் முடிந்த ஆண்டில் நான் எறும்புகளின் தலைகளை அளந்துகொண்டிருந்தேன். கோப்பன்ஹேகனில் ஒரு பல்கலைக்கழகத்தின் உயிரியல் கட்டடத்தில், இரண்டாம் மாடியில், ஆய்வுகூட உதவியாளர் வேலை. நாங்கள் இருந்த டோஸ்ட்ருப்பிலிருந்து காலை ஏழு மணி ரயிலில் போவேன். நாலரைக்கு வீட்டில் நிற்பேன். அதற்கு முன்பு பத்து வருடம் ஓர் ஆஸ்பத்திரியில் இரத்தம் சோதித்தவள். அந்தப் பிரிவை மூடியபோது இந்த வேலை கிடைத்தது. மனிதரின் இரத்தத்தை விட்டு எறும்புக்கு மாறியதில் எனக்கு வருத்தம் இருக்கவில்லை. எறும்பின் சொந்தக்காரர் வாசலில் நின்று முடிவு கேட்கமாட்டார்கள் என்று கணவருக்குச் சொல்லிச் சிரித்தேன்.

என்னை வேலைக்கு எடுத்த ஆராய்ச்சியாளர் என்னைவிடப் பத்து வயது இளையவர். கென்யாவில் ஒரு மலைக்காட்டின் ஓரத்தில் எட்டு மாதம் தங்கிவிட்டுத் திரும்பியிருந்தார். முழங்கை வரை சின்னச் சின்ன வெள்ளைத் தழும்புகள். எல்லாம் எறும்பு கடித்தவை. டேனிஷில் எல்லோருக்கும் எல்லோரும் ‘நீ’தான். அவர் என்னை ‘நீ’ என்பார், நானும் அவரை ‘நீ’ என்பேன். வீட்டுக்கு வந்து கணவரிடம் அவரைப் பற்றிச் சொல்லும்போது மட்டும் ‘அவர்’ ஆகிவிடுவார்.

அந்த எறும்புகளுக்கு டேனிஷில் ‘நடந்து திரியும் எறும்புகள்’ என்று பொருள்படும் ஒரு பெயர். ஆங்கிலத்தில் ‘ட்ரைவர்’ எறும்பு. முன்னால் அகப்படும் உயிர்களையெல்லாம் துரத்திக்கொண்டு போவதால் அப்படி. தமிழில் நானாகவே படையெறும்பு என்று சொல்லிக்கொண்டேன். ஒரு கூட்டத்தில் பல இலட்சம் இருக்கும். பெரிய கூட்டம் கோடியையும் தாண்டும். எல்லாம் ஒரே தாய் பெற்றவை. ஆனால் அளவு ஒன்றல்ல. மிகச் சிறியது எள்ளைவிடக் கொஞ்சம் பெரிது. வழியோரத்தில் காவல் நிற்பது என் விரல் நகத்தின் நீளம் வரும். உடம்பில் பெரும்பங்கு தலைதான். தாடைகள் அரிவாளைப் போல ஒன்றன்மேல் ஒன்று வந்து பூட்டும். நுணுக்குக்காட்டியில் முதல் நாள் பார்த்தபோது கண்ணைத் தேடினேன். இல்லை. கண் இருக்க வேண்டிய இடத்தில் வழுவழுப்பான சிவந்த ஓடு மட்டும். கோடிக்கணக்கில் நடக்கிற அந்தப் படை முழுவதும் குருடு என்று அப்போதுதான் தெரிந்தது. மணத்தைப் பிடித்து, ஒன்றையொன்று தொட்டு நடக்கின்றன.

கோப்பி குடிக்கும் நேரத்தில் அவர் கதைகள் சொல்வார். எறும்பு ஊருக்குள் வருகிறதென்றால் சனங்கள் குழந்தையையும் கோழியையும் தூக்கிக்கொண்டு, ஆட்டை அவிழ்த்துக்கொண்டு வெளியே வந்துவிடுவார்கள். எறும்புகள் வீட்டுக்குள் புகுந்து கரப்பான், எலிக்குஞ்சு, பல்லி எல்லாவற்றையும் துண்டு துண்டாக்கிக் கொண்டுபோகும். சில மணித்தியாலத்தில் வீடு துப்புரவாகிவிடும். சனங்கள் திரும்பி உள்ளே போவார்கள். அதைக் கேட்ட மற்றவர்கள் முகத்தைச் சுளித்தார்கள். வீட்டை விட்டு வெளிக்கிட்டவர்கள் அன்றைக்கே திரும்பிப் போய்ச் சமைக்கிறார்கள் என்பதில்தான் என் மனம் நின்றது.

என் தம்பி கிளிநொச்சியில் நீர்ப்பம்பி திருத்துகிறவன். மனைவி, ஆறு வயது மகள். அந்த ஆண்டு தை மாதம் தொடங்கும்போதே அவர்கள் வீட்டை விட்டு வெளிக்கிட்டுவிட்டார்கள். தருமபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு, பிறகு மாத்தளன். ஒவ்வொரு இடத்துப் பெயரும் எனக்கு அவன் குரலில்தான் வந்தது. கடைசியாகப் பங்குனி நடுப்பகுதியில் தொலைபேசி எடுத்தான். நான் ரயிலில் இருந்தேன்.

“அக்கா, சாமான் எல்லாத்தையும் விசுவமடுவில மண்ணுக்குள்ள தாட்டுப்போட்டு வந்தனான். மூண்டு மோட்டர். ஆக்கள் திருத்தத் தந்தது.”

“மோட்டரை விடடா. பிள்ளை சாப்பிடுறாவோ?”

“ஓம், கஞ்சி குடிக்கிறா. அங்க இப்ப குளிரோ?”

“குறைஞ்சிட்டுது.”

“சரி, நான் பிறகு எடுக்கிறன்.”

அதற்குப் பிறகு எடுக்கவில்லை. பின்னேரங்களில் கணவர் நகரசபைச் சதுக்கத்தில், போரை நிறுத்தச் சொல்லிப் பதாகை பிடித்து நின்றார். அவர் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்பவர். விடிய ஐந்து மணிக்குத் தொடங்கி, முடிந்ததும் நேரே அங்கே போய்விடுவார். சனிக்கிழமைகளில் நானும் போனேன். பகலில் எறும்பு அளந்தேன்.

எங்கள் வேலைக்குக் காரணமான சோதனை இதுதான். படையெறும்புக் கூட்டத்துக்கு ஒரு அரசிதான். என் சுண்டுவிரல் நீளம். உலகத்து எறும்புகளில் அவ்வளவு பெரியது வேறில்லை என்றார்கள். அவளுக்கும் கண் இல்லை, சிறகும் இல்லை. வயிறு முழுக்க முட்டை. ஒரு பக்கத்தில் இரை தீர்ந்ததும் கூட்டம் முழுதும் இடம்பெயரும். குஞ்சுகளை வயிற்றுக்கடியில் கவ்விக்கொண்டு நாட்கணக்கில் நடக்கும். இரண்டு பக்கமும் பெரியவை தாடையைத் திறந்தபடி காவல் நிற்க, அரசி நடுவில், தன் மேல் மொய்த்த வேலையாட்களோடு நடப்பாள். எங்கள் ஆராய்ச்சியாளர் இரண்டு நாள் மண்ணைக் கிண்டி ஒரு கூட்டத்தின் அரசியை எடுத்துவிட்டார். தாய் இல்லாமல் போனால் மிச்சம் உள்ளவை என்ன செய்யும் என்பது கேள்வி. இருந்த இடத்தில் சில வாரங்களில் செத்து முடியுமா? அல்லது பக்கத்துக் கூட்டத்தில் போய்ச் சேர்ந்து, தங்கள் தாய் பெறாத பிள்ளைகளைச் சுமக்குமா?

அந்த அரசி கண்ணாடிக் குழாய் ஒன்றில், மதுசாரத்தில், அவர் மேசை இலாச்சிக்குள் இருந்தாள். ஒரு நாள் எடுத்துக் காட்டினார்.

“பிறகு திருப்பி விட்டிருக்கலாமே?” என்று கேட்டேன்.

“விட்டிருந்தால் கேள்விக்குப் பதில் வந்திருக்காது” என்றார்.

அன்று முழுக்க எனக்கு அவரோடு கதைக்க மனம் வரவில்லை. அவர் கெட்டவர் அல்ல. எனக்கு உடம்பு சரியில்லையா என்றுகூடக் கேட்டார்.

அரசி எடுக்கப்பட்ட பிறகு அவர் பக்கத்துக் கூட்டத்தின் நடைவரிசையில் பல நாள் போத்தல் போத்தலாக எறும்பு பிடித்திருந்தார். அரசியை இழந்த கூட்டத்திலும் பிடித்திருந்தார். ஒவ்வொரு போத்தலுக்குள்ளும் பென்சிலால் எழுதிய ஒரு துண்டுக் காகிதம் கிடக்கும். மை என்றால் மதுசாரத்தில் கரைந்துவிடும். போத்தலைத் திறந்து, கண்ணாடித் தட்டில் ஊற்றி, ஒவ்வொரு எறும்பின் தலையையும் அளந்து, சாமணத்தால் ஒரு காலைப் பிடுங்கி, குழிகள் வைத்த ஒரு பிளாஸ்டிக் தட்டில் குழிக்கொன்றாகப் போட வேண்டும். அந்தக் காலில் இருந்து மரபணு எடுத்தால் அது எந்தத் தாயின் பிள்ளை என்று தெரிந்துவிடும். எனக்கு அவர் சொன்ன ஒரே விதி, ஒரு நேரத்தில் ஒரு போத்தல்தான் திறந்திருக்க வேண்டும். ஆஸ்பத்திரியில் பழகிய எனக்கு அதைச் சொல்லத் தேவையே இல்லை.

வைகாசியில் ஒரு திங்கட்கிழமை, மத்தியானச் சாப்பாட்டுக்குச் சற்று முன், கணவர் எடுத்தார்.

“முடிஞ்சுதாம்.”

“ஆர் சொன்னது?”

“எல்லா இடமும் போகுது. தொலைக்காட்சியிலயும் போகுது.”

“தம்பியவை?”

“ஒண்டும் தெரியேல்லை. நீர் வீட்டை வாறீரோ?”

“வந்து என்ன செய்யிறது?”

கைத்தொலைபேசியை அணைத்து வைத்துவிட்டு வேலையைத் தொடர்ந்தேன். இதை நான் பலருக்குச் சொல்லியிருக்கிறேன். பெரும்பாலானோர் என்னை விசித்திரமாகப் பார்ப்பார்கள். சாமணத்தைக் கீழே வைத்தால் விழுந்துவிடுவேன் என்று இருந்தது. நாலு மணி வரை கால்கள் பிடுங்கினேன். வெளியே வெயில். புல்லில் மாணவர்கள் படுத்திருந்தார்கள். ரயிலில் வரும்போது டோஸ்ட்ருப்புக்குக் கிட்ட வயல்கள் எல்லாம் கடுகுப் பூவால் மஞ்சளாக இருந்தன. வீட்டில் கணவர் குசினியில், சப்பாத்துக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார்.

அடுத்த வாரங்களில் நாங்கள் மூவரும் ஒரே வீட்டில் இருந்தும் அதிகம் கதைக்கவில்லை. மகளுக்கு ஒன்பதாம் வகுப்புப் பரீட்சை. ஒரு நாள் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, மாமா செத்துப்போனாரா என்று டேனிஷில் கேட்டாள். தெரியாது என்றேன். அப்படியானால் எப்போது தெரியும் என்றாள். நான் பானையைக் கழுவத் தொடங்கினேன்.

மூன்று வாரம் கழித்து மரபணு முடிவுகள் வந்தன. ஆராய்ச்சியாளர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். கணினித் திரையில் இரண்டு நிறங்களில் புள்ளிகள். அயல் கூட்டத்தின் நீலப் புள்ளிகளுக்குள் சிவப்பு கலந்திருந்தது.

“பார். அரசியை இழந்தவை. அங்கே போய்ச் சேர்ந்துவிட்டன.”

அவர் மேசையில் இரண்டு தரம் தட்டினார். அவ்வளவு சந்தோஷமாக அவரை நான் கண்டதில்லை. வெளிநாட்டில் இருக்கும் பேராசிரியர் ஒருவருக்கு அப்போதே கடிதம் எழுதத் தொடங்கினார். நான் திரையில் தட்டின் இலக்கத்தைப் பார்த்தேன். பதினான்கு. சிவப்பு அதிகமாக இருந்தது அதில்தான்.

என் மேசைக்கு வந்து குறிப்புப் புத்தகத்தைத் திறந்தேன். தட்டு பதினான்கை நான் நிரப்பியது அந்தத் திங்கட்கிழமை. மற்ற நாட்களில் போத்தல் திறந்த நேரம், மூடிய நேரம் எல்லாம் என் எழுத்தில் இருக்கும். அந்தப் பக்கத்தில் நேரமே இல்லை. அன்று பின்னேரம் கழுவுதொட்டியருகே நின்றது நினைவுக்கு வந்தது. என் முன்னால் இரண்டு மூடிகள் கிடந்தன. இரண்டு போத்தல்கள் திறந்திருந்தன. எது எந்தத் தட்டுக்குப் போனது என்று எவ்வளவு யோசித்தும் தெரியவில்லை.

உடனே போய்ச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. வேலை போய்விடும் என்ற பயம் ஒன்று. மற்றதைச் சொல்ல இப்போதும் கூச்சமாக இருக்கிறது. அந்தச் சிவப்புப் புள்ளிகள் உண்மையாக இருக்க வேண்டும் என்று விரும்பினேன். தாய் போனபின் அவை எங்கோ போய்ச் சேர்ந்தன என்று அவர் சொன்னதை நான் ரயிலில் திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டேன். ஒரு கிழமைக்கு மேல் அப்படியே போனது. அவர் ஒவ்வொரு நாளும் அந்தப் படத்தை யாருக்காவது காட்டினார். நான் கதவைத் தாண்டிப் போகும்போது தலையாட்டிச் சிரித்தேன்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் தொலைபேசி அடித்தது. தெரியாத இலக்கம். தம்பியின் மனைவி. வவுனியாவில் முகாமில் இருந்து, யாருடைய கைத்தொலைபேசியிலோ கதைத்தாள். பத்து நிமிடம்தான் தருவார்களாம்.

அவளுக்குச் சித்திரையில் காலில் காயம் பட்டு, காயக்காரரோடு கப்பலில் ஏற்றி அனுப்பிவிட்டார்களாம். பிள்ளை தம்பியோடு நின்றுவிட்டது. கடைசியில் சனம் கடலேரித் தண்ணீருக்குள்ளால் வெளியேறியபோது, தம்பி பிள்ளையைப் பக்கத்துப் பதுங்குகுழிக் குடும்பத்திடம் கொடுத்திருக்கிறான்.

“பின்னால வாறன், நீங்கள் பிள்ளையைக் கொண்டு போங்கோ எண்டு சொன்னவராம். அதுக்குப் பிறகு அவை அவரைக் காணேல்லை.”

“பிள்ளை?”

“என்னோடதான் நிக்கிறா. தேடிப் பிடிச்சிட்டன். அந்த ஆக்கள் தங்கட பிள்ளை எண்டு பதிஞ்சு வைச்சிருந்தவை. இல்லாட்டி அவவைத் தனிய எங்கையும் அனுப்பிப்போடுவினம் எண்டு பயந்து. இப்ப என்னையும் அம்மா எண்டுறா, அந்த மனிசியையும் அம்மா எண்டுறா.”

அவள் தொடர்ந்தாள்.

“ஒருத்தர் அவரைக் காயத்தோட கண்டன் எண்டுறார். ஒருத்தர் பஸ்ஸில ஏறினதைக் கண்டன் எண்டுறார். கிட்டப் போய்த் துருவிக் கேட்டால், தான் காணேல்லை, ஆரோ சொன்னது எண்டுறார். மச்சாள், காணாததைக் கண்டன் எண்டு சொல்லாமல் விட்டாலே காணும். ஒவ்வொரு கதைக்கும் நான் ஒருக்கால் அழ வேண்டிக் கிடக்கு.”

தொடர்பு நின்றுவிட்டது. மகள் வாசற்படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள். வந்து என் கையில் இருந்த தொலைபேசியை வாங்கி வைத்தாள்.

திங்கட்கிழமை அவர் வருவதற்கு முன்பே நான் அவருடைய அறை வாசலில் நின்றேன். குறிப்புப் புத்தகத்தைத் திறந்து அந்தப் பக்கத்தைக் காட்டினேன்.

“தட்டு பதினான்கை நம்பாதே. அன்று என்னிடம் இரண்டு போத்தல்கள் திறந்திருந்தன. மாறிப் போட்டிருக்கலாம்.”

அவர் திகதியைப் பார்த்தார்.

“எப்போது உனக்குத் தெரியும்?”

“நீ படத்தைக் காட்டின அன்றே.”

அவர் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். “அன்று என்ன நடந்தது?” என்று கேட்டார். சொன்னேன். அவருக்கு என் நாட்டில் போர் நடந்தது தெரியும். செய்தியில் பார்த்திருக்கிறார். எனக்கு அங்கே ஒரு தம்பி இருப்பது அவருக்குத் தெரியாது. நான் சொன்னதில்லை.

“நீ ஏன் அன்று வீட்டுக்குப் போகவில்லை?”

“போய் என்ன செய்வது என்று தெரியவில்லை.”

என்னை அனுப்பிவிடுவார் என்று நினைத்தேன். அவர் கதிரையில் உட்கார்ந்து முகத்தை இரண்டு கையாலும் தேய்த்துவிட்டுச் சொன்னார்: “எல்லாப் போத்தலிலும் எறும்பு மிச்சம் இருக்கிறது. முதலில் இருந்து செய்வோம். நீயே செய். நான் பக்கத்தில் இருப்பேன்.”

ஆடி மாதம் வரை பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து வேலை செய்தோம். ஒரு போத்தலை நான் திறப்பேன், துண்டில் இருப்பதை அவர் உரத்து வாசிப்பார், நான் எழுதுவேன். விடுமுறை காலம், கட்டடத்தில் வேறு எவரும் இல்லை. அப்படி ஒரு நாள்தான் நான் கேட்டேன், அவை போய்ச் சேர்ந்ததை அங்கே நீ கண்ணால் காணவில்லையா என்று.

“அரசியை எடுத்தபின் கூட்டின் வாசலில் வெறிபிடித்ததுபோல ஓடித் திரிந்ததைக் கண்டேன். அவளை வைத்திருந்த பெட்டி நின்ற இடத்து மண்ணைக்கூட மொய்த்தன. அடுத்த நாள் எனக்கு மலேரியா. ஐந்து நாள் படுக்கை. எழும்பிப் போனபோது கூடு வெறுமை. எங்கே போயின என்று நான் காணவில்லை. அதனால்தான் இந்தக் கால்கள்.”

பிறகு அவர் சொன்னார், இரவில் சிலவேளை அந்த வாசல் கண்ணில் வருகிறதென்று. இன்னொரு அரசியைத் தான் எடுக்கப்போவதில்லை என்றும் சொன்னார். அடுத்த வருடம் எடுத்தார் என்று கேள்விப்பட்டேன். அதை நான் அவரிடம் கேட்கவில்லை.

முடிவு ஆவணியில் வந்தது. தட்டு பதினான்கில் இரண்டு வரிசையை நான் மாறித்தான் போட்டிருந்தேன். அரசியை இழந்த கூட்டத்தின் எறும்புகளையே அயல் கூட்டம் என்று எழுதிவைத்திருந்தேன். அந்தச் சிவப்பு முழுக்கப் பொய். ஆனால் பிந்திய நாட்களில் பிடித்த போத்தல்களில், நாங்கள் இருவரும் கண்ணால் பார்த்து ஊற்றிய போத்தல்களில், சிவப்பு இருந்தது. முதலில் நினைத்ததைவிட மிகக் குறைவு. ஒரு தட்டில் நாலு, ஒரு தட்டில் ஏழு. ஆனால் இருந்தன. சில அந்த அயல் கூட்டத்தின் குஞ்சைக் கவ்வியபடியே போத்தலுக்குள் விழுந்து செத்திருந்தன.

“இப்போது நம்பலாம்” என்றார் அவர். பேராசிரியருக்குத் திரும்ப எழுத எழுந்து போனார். நான் சாமணத்தைக் கழுவித் துடைத்து வைத்தேன். ஆறுதலாக இருந்தது என்று சொன்னால் சரியாகாது.

கட்டுரை வெளிவந்தபோது கடைசியில் எனக்கு ஒரு வரி நன்றி இருந்தது. அந்தத் திட்டம் முடிந்ததும் நான் கீழ் மாடியில் வேறொரு ஆய்வுகூடத்துக்கு மாறினேன். அங்கே மீன். மகள் பரீட்சையில் நன்றாகவே செய்திருந்தாள். கணவர் பதாகைத் துணியை மடித்துச் சலவை இயந்திரத்துக்கு மேல் வைத்தார். அது இன்றும் அங்கேதான் கிடக்கிறது.

மச்சாளும் தம்பியின் பிள்ளையும் மறு வருடம் முகாமில் இருந்து வெளியே வந்தார்கள். பிள்ளையைத் தூக்கி வந்த குடும்பமும் அவர்களும் கிளிநொச்சியில் ஒரே வளவில் இரண்டு கொட்டில் போட்டு இருந்தார்கள். பிள்ளை இரண்டு வீட்டிலும் சாப்பிட்டது. ஞாயிற்றுக்கிழமைகளில் நான் எடுப்பேன். ஒரு ஞாயிறு மச்சாள் நேரே விஷயத்துக்கு வந்தாள்.

“மச்சாள், ஒரு படிவம் தந்திருக்கினம். செத்துப்போனார் எண்டு எழுதிக் குடுத்தால் சேட்டிபிக்கற் தருவினமாம். பிள்ளைக்குக் கொஞ்ச உதவியும் கிடைக்குமாம். நீங்கள் அவரின்ர அக்கா. என்ன சொல்லுறியள், எழுதட்டோ?”

வெளியே அயல் வீட்டுக்காரர் புல்லு வெட்டிக்கொண்டிருந்தார். அந்தச் சத்தம் அவளுக்கும் கேட்டிருக்கும்.

“யோசிச்சுச் சொல்லுறன், மச்சாள்” என்றேன்.

“ஓம், ஆறுதலாச் சொல்லுங்கோ. அவசரமில்லை.”

அடுத்த ஞாயிறு எடுத்தபோது மழையைப் பற்றியும் பிள்ளையின் பள்ளிக்கூடத்தைப் பற்றியும் கதைத்தோம். அவள் கேட்கவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் கேட்கவில்லை. படிவம் இன்னும் அலுமாரிக்குள் கிடக்கிறதென்று பிள்ளை ஒரு தரம் சொன்னாள். நான் இன்னும் பதில் சொல்லவில்லை.